சலதாரை அடைப்பும் சமையலறைப் பொருள்களும்

வீட்டுச் சலதாரை அடைத்துக்கொள்வது பலருக்குச் சிறு தொல்லையாகவே தோன்றும். குழித்தறி உள்ள வீட்டில் அதன் விளைவு பெரிது. கொல்லைப்புறத்தில் போக்கின்றித் தேங்கும் நீர் சுவரின் அடியில் ஊறி, நாளடைவில் தறிக்குழியை எட்டுகிறது. குழியில் ஈரம் ஏறினால் கஞ்சியிட்ட பாவில் பூஞ்சணம் பிடிக்கிறது. மிதிகட்டையின்மேல் கால் வைத்து நெய்பவர் நாள் முழுவதும் ஈரத்தில் கால்களை வைத்திருக்க நேருகிறது. அழுக்கு நீர்த் தேக்கத்தில் பெருகும் கியூலெக்ஸ் என்னும் கொசுவுக்கு இருண்ட குழி நல்ல மறைவிடம். யானைக்கால் நோயைப் பரப்புவது அக்கொசுவே. ஆகவே சலதாரையைத் தடையின்றி வைத்திருப்பது நெசவாளருக்குத் தொழிலையும் உடலையும் காக்கும் கடமையாகும்.

வீட்டுக் கழிவுநீரை வாழைக்கும் கீரைப் பாத்திக்கும் பாய்ச்சும் பயிர்த்தொழிலாளருக்கு மற்றொரு கவலை உண்டு. அடைப்பை நீக்க நாம் ஊற்றும் பொருள் கடைசியில் அவருடைய மண்ணைச் சென்று சேர்கிறது.

அடைப்பை நீக்கச் சமையலறைப் பொருள்களே போதும் என்று பலரும் கூறுகின்றனர். ஆப்பசோடாவைப் போட்டு வினிகரை ஊற்றுக என்பார் சிலர். எலுமிச்சம்பழத்தைப் பிழிக, உப்பைத் தூவுக, கொதிநீரை ஊற்றுக என்பார் வேறு சிலர். இவற்றுள் உண்மையும் உண்டு, வீணும் உண்டு. எப்பொருள் எவ்வகை அடைப்புக்கு ஏற்றது என்பதை அறிந்து செய்தால் காசும் மிஞ்சும், தீங்கும் நேராது. அதனை அங்கத்தினர்களுக்கு விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

அடைப்பது யாது?

மருந்து கொடுக்குமுன் நோயை அறிதல் வேண்டும். நம் வீடுகளின் குழாய்களை அடைப்பவை பெரும்பாலும் நான்கு.

முதலாவது கொழுப்பு. எண்ணெய், நெய், வனஸ்பதி, பாலாடை முதலியவை. தேங்காயெண்ணெய் சுமார் 24 டிகிரி சென்டிகிரேடு வெப்பத்திற்குக் கீழே உறைந்துவிடும். மார்கழி விடியலில் போத்தலில் உறைந்து நிற்கும் அந்த எண்ணெய் குழாய்க்குள்ளும் அவ்வாறே உறைந்து நிற்கும் அன்றோ? நெய்யும் வனஸ்பதியும் அதைவிட எளிதில் உறைகின்றன.

இரண்டாவது மாப்பொருள். சோற்றுப் பருக்கை, வடிகஞ்சி, தோசைமாவு கழுவிய நீர், பாவுக்கு இட்டு மிஞ்சிய கஞ்சி ஆகியவை.

மூன்றாவது சுண்ணாம்புப் படிவு. ஆழ்துளைக் கிணற்றின் உப்பு நீர் பயன்படும் ஊர்களில் குழாயின் உட்புறம் வெள்ளைப் பொருக்குக் கட்டுகிறது. அந்த நீரில் சோப்பு நன்கு நுரைப்பதில்லை. நீரிலுள்ள சுண்ணாம்புச் சத்துடன் சோப்புக் கூடிக் கரையாத வெண்ணிறக் கசடாக மாறிக் குளியலறைக் குழாயில் படிந்துவிடுகிறது.

நான்காவது நார்ப்பொருள். தலைமயிர், தேங்காய் நார், தேயிலைச் சக்கை ஆகியவற்றோடு, நம் வீடுகளில் தனியே கூற வேண்டுவது நூல் துணுக்கு. தறியடியில் கூட்டிய குப்பையைக் கழுவும் இடத்தில் தள்ளிவிட்டால், அறுந்த நூல்கள் குழாயின் வளைவில் முறுக்கிக்கொண்டு வலைபோல் நிற்கும். மற்ற மூன்றும் அவ்வலையில் வந்து ஒட்டிக்கொள்ளும். அடைப்பை ஆராய்ந்தால் பெரும்பாலும் நான்கும் கலந்தே காணப்படும். எனினும் எது மிகுதி என்பதை இடத்தைக் கொண்டு ஊகிக்கலாம். அடுக்களையில் கொழுப்பு, பாவுக்குக் கஞ்சியிடும் முற்றத்தில் மாப்பொருள், குளியலறையில் மயிரும் சோப்புக் கசடும் என்று கொள்ளலாம்.

பொங்கும் நுரையின் வலிமை எவ்வளவு?

ஆப்பசோடா ஒரு மெல்லிய காரம். வினிகரும் எலுமிச்சைச் சாறும் அமிலங்கள். இரண்டையும் சேர்த்தால் நுரை பொங்கும். அந்நுரையைக் கண்டு, குழாய் உள்ளே சுத்தமாகிறது என்று மகிழ்கிறோம். உண்மையில் நிகழ்வது வேறு. காரமும் அமிலமும் ஒன்றையொன்று முறித்துக்கொள்கின்றன. கரியமில வாயு மேலெழுந்து வெளியேறுகிறது. எஞ்சுவது தண்ணீரும் அதில் கரைந்த ஓர் உப்பும் மட்டுமே. அவ்வுப்புநீர் கொழுப்பையும் கரைக்காது, சுண்ணாம்பையும் கரைக்காது.

கணக்கிட்டுப் பார்த்தால் இது நன்கு விளங்கும். கடையில் விற்கும் வினிகர் 100 மில்லிலிட்டரில் ஏறத்தாழ 5 கிராம் அசிட்டிக் அமிலம் உள்ளது. அதனை முற்றும் முறிக்க 7 கிராம் ஆப்பசோடா போதும். நாம் இரண்டையும் தாராளமாகக் கொட்டினால், அளவில் குறைந்தது முழுவதும் செலவாகி, மிகுந்தது மட்டும் மிச்சமாக நிற்கும். தனித்தனியே நின்றால் பயன் தரக்கூடிய இரு பொருள்களைக் காசு கொடுத்து வாங்கி, ஒன்றைக்கொண்டு மற்றொன்றை அழிப்பதாகவே இச்செயல் முடிகிறது.

நுரையினால் ஒரு சிறு நன்மை உண்டு. தொட்டியின் வாயிலும் சல்லடையிலும் தளர்வாக ஒட்டிய அழுக்கை அது கிளப்பிவிடும். துர்நாற்றமும் சிறிது குறையும். மற்றபடி, இம்முறையால் அடைப்பு நீங்கியது என்று கூறுவோரின் வீட்டில் அதனை நீக்கியது, பின்னால் ஊற்றிய வெந்நீராகவே இருத்தல் கூடும்.

எனவே நாம் கொள்ள வேண்டிய முறை இது: காரத்திற்கு ஒரு வேலை உண்டு, அமிலத்திற்கு வேறு வேலை உண்டு, இரண்டையும் ஒரே சமயத்தில் ஏவக்கூடாது.

கொழுப்புக்குக் காரம்

பட்டு நூலின் பசையை நீக்கச் சோப்பும் சோடாவும் இட்டுக் கொதிக்கவைப்பதை நெசவாளர் அறிவர். துணி வெளுப்போர் பழங்காலத்தில் உவர்மண்ணைப் பயன்படுத்தியதும் அதிலுள்ள காரத்திற்காகவே. கொழுப்பைப் பிரிப்பதில் காரத்திற்கு இணையான எளிய பொருள் வேறில்லை.

பழகிய எண்ணெயில் உள்ள கொழுப்பு அமிலங்களுடன் காரம் கூடிச் சோப்பாக மாறுகிறது. அச்சோப்பு மீதிக் கொழுப்பை நுண்ணிய துளிகளாக உடைத்து நீரோடு செல்லும்படி செய்கிறது. இப்பணிக்கு ஆப்பசோடா வலுவற்றது. சலவைச் சோடாவே ஏற்றது.

செய்முறை வருமாறு. கொதிநீர் ஒரு லிட்டருடன் குளிர்ந்த நீர் ஒரு லிட்டரைக் கலந்துகொள்க. இவ்வாறு கலந்தால் சூடு சுமார் 60 டிகிரி அளவில் நிற்கும். இக்காலத்தில் பெரும்பாலான வீடுகளில் இருப்பவை பி.வி.சி. குழாய்கள். கொதிக்கும் நீரை நேரே ஊற்றினால் அவை இளகி வளையும், இணைப்புகள் விடும். கலந்த வெந்நீரில் ஒரு கைப்பிடி, அதாவது சுமார் 50 கிராம் சலவைச் சோடாவை இட்டுக் கட்டியின்றி முற்றும் கரைக்க வேண்டும். தூளாகவே குழாயில் போட்டால் அது ஈரம் பட்டுக் கல்லாக இறுகிப் புதிய அடைப்பாகிவிடும். கரைசலை மெல்ல ஊற்றி அரைமணி நேரம் விட்டு, பின் அதே சூடுள்ள நீரை ஒரு குடம் ஊற்றி அலசுக. இரவு வேலைகள் முடிந்தபின் செய்வது நலம். சோடாக் கரைசல் தோலையும் கண்ணையும் எரிக்கும். ஆதலால் கையுறை வேண்டும். குழந்தைகள் அருகில் இருத்தல் ஆகாது.

விறகடுப்பு உள்ள வீடுகளில் சாம்பலே இக்காரத்தைத் தரும். ஒரு பங்கு சாம்பலுக்கு நான்கு பங்கு நீர் விட்டுக் கலக்கி, ஓர் இரவு தெளியவிட்டு, மேலே நிற்கும் தெளிநீரை மட்டும் வடித்துக்கொள்க. விரலில் பட்டால் வழவழப்பாக இருக்கும். நம் தோலின் கொழுப்பையே அது சோப்பாக்கத் தொடங்கிவிட்டது என்பதற்கு அதுவே அடையாளம். ஆகவே இதற்கும் கையுறை அவசியம். சாம்பலை அப்படியே சலதாரையில் கொட்டுவோர் உளர். அது சேறாகப் படிந்து அடைப்பை வளர்க்கும்.

இலேசான பிசுக்குக்குப் பூந்திக்கொட்டையை ஊறவைத்து வடிகட்டிய நீர் போதும். பட்டுப் புடைவைக்குத் தீங்கு செய்யாத அப்பொருள் குழாய்க்கும் மண்ணுக்கும் தீங்கு செய்வதில்லை.

கஞ்சிக்குத் தண்ணீரே மருந்து

மாப்பொருள் அடைப்பில் பலர் ஒரு தவறு செய்கின்றனர். பச்சரிசி மாவோ தோசைமாவோ படிந்த குழாயில் எடுத்த எடுப்பில் வெந்நீரை ஊற்றுகின்றனர். அரிசிமாவு சுமார் 70 டிகிரி வெப்பத்தில் நீரை உறிஞ்சிப் பசையாகிறது. பாவுக்குக் கஞ்சி காய்ச்சும் வீட்டாருக்கு இதனைச் சொல்ல வேண்டுவதில்லை. அடுப்பில் நாம் செய்வதையே மிகுந்த சூட்டால் குழாய்க்குள்ளும் செய்துவிடுகிறோம். ஆகவே பச்சைமாவு படிந்த இடத்தில் முதலில் குளிர்ந்த நீரை வேகமாக ஊற்றி மாவைக் கரைத்து ஓட்டிவிட வேண்டும்.

காய்ச்சிய கஞ்சியின் இயல்பு வேறு. ஆறியபின் அது கூழாக இறுகிவிடும். மிஞ்சிய கஞ்சியைச் சூடு ஆறுமுன் பல பங்கு நீர் விட்டு நீர்க்கச் செய்து வெளியேற்றுவது ஒரு வழி. அதனினும் சிறந்தது, அதனைச் சலதாரைக்கு அனுப்பாமலே இருப்பது. நம் முன்னோர் வாசலில் கழுநீர்த் தொட்டி வைத்திருந்தனர். அரிசி கழுவிய நீரும் வடிகஞ்சியும் மாட்டுக்குச் சென்றன. மாடு இல்லாத வீட்டினர் அண்டையில் மாடு வைத்திருப்போருக்குக் கொடுக்கலாம். ஆனால் பாவுக் கஞ்சியில் மயில்துத்தம் முதலிய பூஞ்சணத் தடுப்பு மருந்து கலந்திருந்தால் அதனை மாட்டுக்கு வைத்தல் ஆகாது.

சுண்ணாம்புப் படிவுக்குப் புளிப்பு

வெள்ளைப் பொருக்கும் சோப்புக் கசடும் காரத்திற்கு அசையமாட்டா. அவற்றுக்கு அமிலமே வேண்டும். சல்லடையையும் குழாய் வாயையும் வினிகரிலோ வடிகட்டிய எலுமிச்சைச் சாற்றிலோ ஒரு மணி நேரம் ஊறவைத்துப் பழைய பல் துலக்கியால் தேய்த்தால் பொருக்கு உதிரும். அவ்வாறு தேய்த்தபின் நன்கு நீர் விட்டு அலசிவிட வேண்டும்.

பித்தளைக் குடத்தைப் புளியிட்டுத் துலக்குகிறோமே, குழாய்க்கும் புளியை ஊற்றலாகாதா என்று சிலர் வினவலாம். ஊற்றலாகாது. புளியின் சக்கை குழாயை அடைக்கும். அன்றியும் புளியிலுள்ள டார்டாரிக் அமிலம் சுண்ணாம்புடன் கூடினால் எளிதில் கரையாத உப்பாகிறது. புளி பித்தளைச் சல்லடையைத் துலக்குவதற்கு மட்டும் இருக்கட்டும்.

சிமிட்டி பூசிய வாய்க்காலில் அமிலம் எதனையும் ஊற்றக்கூடாது. சிமிட்டியிலும் சுண்ணாம்பு உள்ளது. பூச்சு அரிக்கப்பட்டால் அவ்வழியே நீர் கசிந்து சுவரை நனைக்கும். அந்தக் கசிவுதான் தறிக்குழிக்கு வரும்.

நாருக்குக் கையும் கோலும்

மயிரையும் நூலையும் கரைக்கும் பொருள் நம் சமையலறையில் எதுவும் இல்லை. அவற்றை இழுத்தே எடுக்க வேண்டும். நெடிய மூங்கில் பிளாச்சு ஒன்றின் முனையில் சிறு கொக்கி செதுக்கி, வளைத்து உள்ளே செலுத்திச் சுழற்றி இழுத்தால் நூற்பந்து வெளியே வரும். தொட்டியின் அடியில் வளைகுழாய் இருந்தால், கீழே ஒரு வாளி வைத்து அதன் மரையைக் கழற்றிச் சுத்தம் செய்து மீண்டும் பூட்டலாம். அவ்வளைவில் எப்போதும் சிறிது நீர் நிற்பது துர்நாற்றம் மேலே வராமல் தடுக்கவே. அலெக்சாண்டர் கம்மிங் என்பவர் 1775-ல் இத்தகைய வளைவுள்ள அமைப்புக்கு இங்கிலாந்தில் காப்புரிமை பெற்றார். அதனை வேண்டாத வளைவு என்று கருதி நேர்குழாய் மாட்டிவிடுவோர் பின்னர் நாற்றத்தால் வருந்துவர்.

நீர் சிறிதளவு நிற்கும்போது ரப்பர்க் கிண்ணம் பொருத்திய கோலால் பத்துப் பன்னிரண்டு முறை அழுத்தி இழுப்பதும் நல்ல பயன் தரும். கோலைப் பயன்படுத்துமுன் சோடா முதலிய பொருள்களை ஊற்றக்கூடாது. அழுத்தும்போது கரைசல் முகத்தில் தெறிக்கும்.

உயிருக்கு ஊறு செய்பவை

இயற்கைப் பொருள் என்றாலே தீங்கற்றது என்று கருதுவது பிழை. வினிகரும் எலுமிச்சையும் உணவுப் பொருள்களே. ஆயினும் பிளீச்சிங் பவுடர் போட்ட சலதாரையில் அவற்றை ஊற்றினால் குளோரின் என்னும் நச்சு வாயு எழும். 1915-ல் பெல்ஜியத்து ஈப்பர் போர்க்களத்தில் படைவீரரைக் கொல்ல ஏவப்பட்டது அவ்வாயுவே. காற்றோட்டமற்ற சிறு குளியலறையில் அது மூச்சுக்குழலைப் புண்ணாக்கிவிடும். கழிப்பிடம் துலக்கும் கடை அமிலத்தையும் பிளீச்சிங் பவுடரையும் சேர்ப்பது இன்னும் கொடியது. பிளீச்சிங் பவுடர் போட்ட நாளில் வேறெதனையும் ஊற்றாதிருப்பதே காப்பு.

சாயப்பட்டறையில் உள்ள காஸ்டிக் சோடாவைச் சிலர் வீட்டுக் குழாயில் போடுகின்றனர். அது நீர் பட்டவுடன் கொதித்துத் தெறிக்கும். கண்ணில் பட்டால் பார்வையையே பறிக்கும். அலுமினியப் பாத்திரத்தில் கரைத்தால் எளிதில் தீப்பற்றும் ஹைட்ரஜன் வாயு உண்டாகும். அதனை அடுக்களைக்குக் கொண்டுவருதல் ஆகாது. சாயக் கழிவையும் வீட்டுச் சலதாரையில் விடுதல் ஆகாது.

இறுதியாக ஒன்றை வற்புறுத்திக் கூற வேண்டும். மேற்கூறிய முறைகளால் நீங்காத அடைப்பு, வீட்டுக் குழாயில் இல்லாமல் மலக்குழித் தொட்டியிலோ தெருச் சாக்கடையிலோ இருக்கும். அங்கே நாமும் இறங்கக்கூடாது, பிறரையும் இறக்கக்கூடாது. அக்குழிகளில் ஹைட்ரஜன் சல்பைடு என்னும் வாயு தங்கியிருக்கும். அளவு மிகும்போது அது மோப்ப உணர்வையே மரக்கச் செய்வதால், நாற்றம் இல்லை என்று நம்பி இறங்கியவர் சில நொடிகளில் விழுவார். அவரைத் தூக்க இறங்கியவரும் விழுவார். காப்புக் கருவிகளின்றி ஒருவரை அத்தகைய வேலையில் அமர்த்துவதை 2013-ஆம் ஆண்டின் சட்டம் தடை செய்கிறது. சாக்கடையில் இறப்போரின் குடும்பத்துக்கு 30 லட்சம் ரூபாய் இழப்பீடு அளிக்க வேண்டுமென உச்சநீதிமன்றம் 2023 அக்டோபரில் தீர்ப்பளித்தது. இழப்பீடு எவ்வளவாயினும் உயிர் திரும்பாது. நகராட்சியிடமோ ஊராட்சியிடமோ தெரிவித்து உறிஞ்சும் வண்டியை வரவழைப்பதே முறை.

நீர் சென்று சேரும் இடம்

பயிர்த்தொழிலாளர் களர்நிலத்தை அறிவர். மண்ணில் சோடியம் மிகுந்தால் களிமண்ணின் கட்டமைப்புச் சிதைந்து, நீர் இறங்காமல், காய்ந்தபின் ஓடாக இறுகும். ஆப்பசோடா, சலவைச் சோடா, உப்பு மூன்றிலும் உள்ளது சோடியமே. உப்பைக் குழாயில் கொட்டுவதால் அடைப்புக்குப் பெரிய பயனில்லை. பாத்திக்குக் கெடுதல் மட்டும் உறுதி. எனவே சோடாவைப் பதினைந்து நாளுக்கு ஒருமுறைக்கு மேல் பயன்படுத்த வேண்டா. அன்றைய நீரைப் பாத்திக்குத் திருப்பாமல் உறிஞ்சுகுழிக்கு விடுக. சாம்பல் தெளிநீரில் பெரும்பாலும் இருப்பது பயிருக்கு வேண்டிய பொட்டாசியம். எனினும் காரம் மிகுந்ததாதலால் அதனையும் வேரருகே விடலாகாது.

உறிஞ்சுகுழிக்கு முன்னால் சிறிய கசடுத் தொட்டி ஒன்று கட்டி, அதன் வாயில் சல்லடை வைத்தால் பருக்கையும் நூலும் அங்கே தங்கும். கொழுப்பு மேலே மிதக்கும். வாரம் ஒருமுறை அதனை வழித்து எருக்குழியில் இடலாம். உறிஞ்சுகுழி குடிநீர்க் கிணற்றிலிருந்து 50 அடிக்குக் குறையாத தொலைவில் இருத்தல் வேண்டும். குழியோரம் வாழையோ கல்வாழையோ நட்டால் ஈரம் தேங்காது.

சங்கம் செய்யத்தக்கது

தெருவின் சாக்கடை பல வீடுகளுக்குப் பொது. மேல்வீட்டார் தள்ளிய நூல் கீழ்வீட்டார் வாசலில் அடைக்கிறது. ஆதலால் இஃது ஒருவர் தனித்துச் செய்து முடிக்கும் காரியமன்று. ரப்பர்க் கிண்ணக் கோல் ஒன்று, வளையும் நீண்ட கம்பி ஒன்று, இரண்டு இணை கையுறைகள், கண்காப்புக் கண்ணாடி ஆகியவற்றைச் சங்கம் வாங்கி வைத்து, தேவைப்படும் அங்கத்தினருக்கு முறைப்படி கொடுத்து வாங்கலாம். ஒவ்வொரு வீட்டாரும் தனித்தனியே இவற்றை வாங்க வேண்டுவதில்லை. சலவைச் சோடாவை மொத்தமாகக் கொள்முதல் செய்து, 50 கிராம் பொட்டலங்களாகக் கட்டிச் செய்முறைச் சீட்டுடன் பண்டகசாலையில் விற்கலாம்.

ஐப்பசி மழைக்கு முன், புரட்டாசியிலேயே ஒரு நாளைக் குறித்து, தெருவார் அனைவரும் தத்தம் வாய்க்காலையும் சல்லடையையும் பார்த்துச் சீர்செய்தல் வேண்டும். ஒவ்வொரு தறியின் அருகிலும் நூல் துணுக்குக்கென ஒரு கூடை வைத்தல் வேண்டும். சாப்பிட்ட தட்டிலும் வாணலியிலும் உள்ள எண்ணெயைப் பழந்துணியால் துடைத்தபின் கழுவுதல் வேண்டும். இவற்றைக் கடைப்பிடித்தால் சோடாவும் வினிகரும் வேண்டிய நாள்கள் மிகச் சிலவே ஆகும். அங்கத்தினர்கள் இவ்வாண்டு மழைக்கு முன்னரே இவற்றைச் செய்து, தறிக்குழி உலர்ந்தும் வீடு நலமுற்றும் இருக்கக் காண்பார்களாக.